மெக்கானிக்கின் தங்கை

அந்த ஸ்டேஷனில் அவளுடைய முகத்தை அறிந்தவர்கள் சொற்பம். குரலை அறியாதவர்கள் யாரும் கிடையாது. இரண்டாம் நடைமேடையில், மேம்பாலப் படிக்கட்டுக்கு அடியில் ஒட்டிக்கொண்டிருந்த ஜன்னலில்லாத அறையில் உட்கார்ந்து, எந்த வண்டி வருகிறது, எது தாமதம், எது ரத்து என்று மைக்கில் சொல்வது அவள் வேலை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு கொதித்துப்போய் நிற்கிறவன்கூட, அந்தக் குரல் "தடங்கலுக்கு வருந்துகிறோம்" என்று சொன்னதும், சரி போகட்டும் என்று பெட்டியைக் கீழே வைத்துவிடுவான்.

அந்தக் குரலுக்கு உரியவளைப் பார்த்துவிட வேண்டும் என்று அறையைத் தேடி வந்தவர்களும் உண்டு. கதவைத் திறப்பார்கள். உள்ளே கனத்த கண்ணாடி போட்டுக்கொண்டு, கொஞ்சம் பூசினாற்போல, நாற்பதை நெருங்கிக்கொண்டிருக்கும் ஒருத்தி டிபன் டப்பாவோடு உட்கார்ந்திருப்பாள்.

"அனௌன்ஸ் பண்றவங்க இல்லீங்களா?" என்பார்கள்.

"இப்பத்தான் வெளிய போனாங்க" என்பாள் அவள்.

பெண் கேட்டு வந்த இரண்டு பேரும் ஏறக்குறைய அப்படித்தான். ஃபோனில் பேசும்வரை ஆலாய்ப் பறந்தார்கள். நேரில் வந்து காபியைக் குடித்துவிட்டு, ஊருக்குப் போய்க் கடிதம் போடுவதாகச் சொல்லிப் போனார்கள். அதிலிருந்து அவளுக்குத் தன் குரல்மேல் ஒரு கடுப்பு. தனக்கு முன்னால் ஓடிப்போய், இல்லாததையெல்லாம் சொல்லிவைத்து, அப்புறம் தன்னை மாட்டிவிடுகிற சொந்தக்காரியைப் போல அதைப் பார்க்க ஆரம்பித்தாள்.

அவள் அக்கா வீட்டில் இருந்தாள். அக்காவின் கணவர், அதாவது அத்தான், அப்போது புதிதாக ஒரு கம்ப்யூட்டர் வாங்கியிருந்தார். விசிட்டிங் கார்டு அச்சடிக்கிற தொழிலை இனி வீட்டிலிருந்தே நடத்தப்போவதாகச் சொல்லிக்கொண்டார். முதல் வாரத்திலேயே தன் பெயரில் ஏகப்பட்ட கார்டு அடித்தார். கொடுக்க ஆளில்லாமல் அலமாரிக்குள் போட்டார். அதோடு தொழில் நின்றது. இண்டர்நெட் மட்டும் மிஞ்சியது.

ஃபோன் லைன்தான் அதற்கும் வழி. இணைப்பு கிடைப்பதற்குள் மோடம் என்கிற சின்னப் பெட்டி தொண்டையில் எலும்பு சிக்கினதுபோலக் கத்தித் தீர்க்கும். கிடைத்த பிறகு பக்கத்து அறையில் அக்கா மறந்துபோய் ரிசீவரை எடுத்தால் எல்லாம் அறுந்துவிடும். "யாரோ உள்ள இரையுறாங்கடி" என்று அக்கா ஒவ்வொரு தடவையும் புதிதாகப் பயப்படுவாள்.

அப்படித்தான் அவள் ஒரு சாட் ரூமுக்குள் போனாள். அங்கே முகமும் இல்லை, முக்கியமாகக் குரலும் இல்லை. தனக்கு ரயில்பூச்சி என்று பெயர் வைத்துக்கொண்டாள்.

"ஏங்க இப்படி ஒரு பேரு?" என்று ஒருவன் கேட்டான். அவன் பெயர் பனிக்கட்டி.

"கால் நிறைய இருக்கு. போறதுக்கு இடந்தான் இல்ல" என்று அடித்தாள்.

எல்லாரும் தமிழை ஆங்கில எழுத்தில் அடித்துக்கொண்டிருந்த காலம். ஒன்றை எழுதினால் இன்னொன்றாகப் படும். பனிக்கட்டி, "என் கடை ரொம்பச் சின்னது" என்று எழுதினான். அவள் அதைக் "கதை" என்று படித்தாள். "சின்னதா இருந்தாத்தான் எனக்குப் பிடிக்கும், சொல்லுங்க" என்றாள். அவன் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு ஒரு கதையைச் சொன்னான். ஃபிரிட்ஜ் கதவை மூடினால் உள்ளே விளக்கு அணைகிறதா இல்லையா என்ற சந்தேகத்தில் தூக்கம் கெட்டுப்போன ஒரு கிழவர், அதைச் சோதித்துப் பார்க்கத் தட்டுகளையெல்லாம் கழற்றிவிட்டு மெக்கானிக்கையே உள்ளே உட்காரச் சொன்ன கதை.

"உட்கார்ந்தீங்களா?"

"முட்டி இடிச்சுது. கதவு மூடல."

அவள் சிரித்த சிரிப்பில் அத்தான் எட்டிப் பார்த்தார். அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் ரயில்பூச்சியும் பனிக்கட்டியும் பேசினார்கள்.

அவன் நிஜமாகவே ஃபிரிட்ஜ் மெக்கானிக்தான். நல்ல உயரம், அகலமான தோள், கத்தை மீசை. கடவுள் அவனுக்கு எல்லாவற்றையும் வாரிக் கொடுத்துவிட்டு, குரல் பிரிவுக்கு வந்தபோது வேறெங்கோ பராக்குப் பார்த்துவிட்டார். மெல்லிய, இனிமையான பெண்குரல். ஃபோனில் எல்லாரும் அவனை மேடம் என்றார்கள். முதலில் திருத்திப் பார்த்தான். "நான் ஆம்பளைங்க" என்றால் எதிர்முனையில் ஒரு மௌனம் விழும். அந்த மௌனம் அவனுக்குப் பிடிக்கவில்லை. அதனால் கடையில் அவனே ஒரு ஏற்பாடு செய்துகொண்டான்.

"மேடம், மெக்கானிக் இருக்காரா?"

"இருக்காருங்க, ஒரு நிமிஷம்" என்பான். பிறகு தொண்டையைக் கனைத்து, அடிவயிற்றிலிருந்து ஒரு குரலை இழுத்து, "ஹலோ" என்பான். அந்தக் குரலில் நாலு வார்த்தைக்கு மேல் பேச முடியாது. இருமல் வந்துவிடும். வாடிக்கையாளர்கள் அவனை அளந்து பேசுகிற மனுஷன் என்று மதித்தார்கள்.

சாட் ரூமில் அவனை யாரும் மேடம் என்று சொல்லவில்லை. அங்கே நாள் முழுக்கப் பேசலாம். அவன் பேசினான்.

மாதங்கள் போயின. ஒருநாள் அத்தான் அவளை உட்காரவைத்துப் புத்தி சொன்னார்.

"அந்தப் பக்கம் யாரு இருக்கான்னு உனக்கு எப்படித் தெரியும்? பல்லு போன கிழவனா இருக்கலாம். பொம்பளையாக்கூட இருக்கலாம். மொதல்ல குரலைக் கேளு."

"குரலைக் கேட்டு யாரையும் தெரிஞ்சுக்க முடியாது அத்தான்" என்றாள் அவள். அதை அவளைவிட நன்றாகச் சொல்லக்கூடியவர் யார்? ஆனாலும் மனதில் ஒரு முள் தைத்துவிட்டது. ஃபோன் நம்பர் கேட்டாள்.

பனிக்கட்டி இரண்டு நாள் அந்தப் பக்கமே வரவில்லை. மூன்றாம் நாள் நம்பரைக் கொடுத்து, "நாளைக்கு மத்தியானமாப் பண்ணுங்க" என்றான். காலையெல்லாம் பயிற்சி எடுப்பதாகத் திட்டம். மறுநாள் கடையைத் திறந்ததும், கதவு கழற்றிப் போட்டிருந்த ஒரு பெரிய ஃபிரிட்ஜுக்குள் தலையை விட்டுக்கொண்டு, "ஹலோ... எப்படி இருக்கீங்க..." என்று ஆழமாகப் பேசிப் பார்த்தான். உள்ளே நன்றாக எதிரொலித்தது. நம்பிக்கை வந்தது.

அவளுக்கோ மத்தியானம்வரை பொறுமை இல்லை. காலையிலேயே எண்களைச் சுழற்றிவிட்டாள். அவன் ஃபிரிட்ஜுக்குள்ளிருந்து தலையை இழுத்து, யாரோ வாடிக்கையாளர் என்று நினைத்து, வழக்கமான குரலில், "ஹலோ, சொல்லுங்க" என்றான்.

ஒரு பெண்குரல்! அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. வாய் மட்டும் ஓடியது. என்ன சொல்வதென்று தெரியாதபோதெல்லாம் பல வருஷமாக அந்த வாய் எதைச் சொல்லிப் பழகியிருந்ததோ, அதையே சொன்னது.

"தடங்கலுக்கு வருந்துகிறோம்."

ரிசீவரை வைத்துவிட்டாள்.

மெக்கானிக் ஃபோனையே பார்த்தான். அவனுக்கு அந்தக் குரல் நன்றாகத் தெரியும். உதிரிபாகப் பார்சலை எடுக்க ஸ்டேஷனுக்குப் போகும்போதெல்லாம் கேட்பதுதானே. ரயில்வே லைன் நம்ம லைனோடு பின்னிக்கொண்டது போலிருக்கிறது என்று நினைத்து, மறுபடி ஃபிரிட்ஜுக்குள் தலையை விட்டான். மத்தியானம் வந்தது, போனது. ஃபோன் வரவில்லை.

சாயங்காலம் ரயில்பூச்சி கேட்டாள்: "வீட்ல உங்க மனைவி சௌக்கியமா?"

"எனக்கு ஏதுங்க மனைவி?"

"காலைல ஃபோனை எடுத்தாங்களே. நான்தான் பயத்துல என்னமோ உளறிட்டு வெச்சுட்டேன்."

"என்ன உளறினீங்க?"

அவள் அதைச் சொன்னாள். பனிக்கட்டி பக்கத்திலிருந்து வெகுநேரம் ஒன்றும் வரவில்லை. இணைப்பு அறுந்துவிட்டதோ என்று அவள் அக்காவை ஒரு சத்தம்கூடப் போட்டாள். அங்கே அவன், நாற்காலியில் சாய்ந்து, தலையில் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டிருந்தான். ஊரே நின்று கேட்கிற அந்தக் குரலா? தன்னோடு தினமும் ஃபிரிட்ஜ் கதை பேசுவது அதுவா? அதற்கு முன்னால் போய் இந்தக் குரலை எப்படி நீட்டுவது? 'அது நான்தான்' என்று இரண்டே வார்த்தை அடித்திருக்கலாம். அடித்தும் பார்த்தான். பிறகு அழித்துவிட்டு, "அது என் தங்கச்சி" என்று அனுப்பினான்.

அவனுக்குத் தங்கை கிடையாது. கூடப் பிறந்தவர் என்று யாருமே கிடையாது.

பொய் அதோடு நின்றிருந்தால் பிழைத்திருப்பான். அவள் நல்லவளாகப் போய்விட்டாள். "ஐயோ, உங்க தங்கச்சிகிட்ட நான் மன்னிப்புக் கேக்கணும்" என்று மறுநாளே ஃபோன் செய்தாள். இவன் எடுத்தான். எடுத்த பிறகு வேறு என்ன குரலில் பேச முடியும்?

"அண்ணன் வேலையா வெளிய போயிருக்காருங்க" என்றான்.

"பரவாயில்ல, நான் உங்ககிட்டதான் பேச வந்தேன்."

இப்படி ஆரம்பித்தது. அண்ணன் எப்போது கேட்டாலும் வெளியே போயிருந்தார். அவருக்கு அத்தனை வேலை. அவளும் அவரை ரொம்பத் தேடவில்லை. மத்தியான வண்டி போய் அடுத்த வண்டி வருகிறவரை கிடைக்கிற இடைவெளியில், டிபன் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு தங்கையோடு பேசுவாள். இன்னொரு பெண்ணிடம் பேசுவதாகத்தானே அவள் நினைத்திருந்தாள்? அண்ணனிடம் எழுதாததையெல்லாம் சொன்னாள். அறைக்கதவைத் திறந்து முகத்தைப் பார்த்ததும் முகம் சுருங்குகிறவர்களைப் பற்றிச் சொன்னாள். "உங்க அண்ணனும் ஒருநாள் அப்படித்தான் பார்ப்பாரு. அதான் நேர்ல வரச் சொல்லவே பயமா இருக்கு" என்றாள்.

"அண்ணன் அப்படிப்பட்டவரு இல்லீங்க."

"தங்கச்சி வேற எப்படிச் சொல்வீங்க?"

அவனும் தங்கையின் வாயால் உண்மையைச் சொன்னான். "எனக்கும் அப்படித்தாங்க. என் குரலைக் கேட்டுட்டு வர்றவங்க வேற யாரையோ தேடுவாங்க. நான்தான்னு சொன்னா நம்பறதுக்குக் கஷ்டப்படுவாங்க."

"உங்களுக்கென்ன குறை? எவ்வளவு நல்ல குரல்" என்றாள் அவள். அப்படி யாரும் அவனிடம் சொன்னதில்லை. அன்று முழுக்க அவனுக்கு ஒரு ஸ்க்ரூவைக்கூட ஒழுங்காக முடுக்க வரவில்லை.

சாயங்காலச் சாட் கொஞ்சம் கொஞ்சமாக இளைத்தது. "இன்னைக்கு சீக்கிரம் கெளம்பறேன். உங்க தங்கச்சிகிட்ட மத்தியானம் பேசினதுலேயே மனசு நெறைஞ்சு போச்சு" என்று எழுதிவிட்டுப் போய்விடுவாள். பனிக்கட்டி வெறும் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். தங்கைமேல் அவனுக்குப் பொறாமை வந்தது. நேற்று முளைத்தவள், ஆறு மாசமாகத் தான் கட்டியதைக் கொத்திக்கொண்டு போய்விட்டாளே என்று நிஜமாகவே எரிச்சல்பட்டான்.

இதற்கு நடுவில், ஸ்டேஷனில் ஒரு டிக்கெட் பரிசோதகர். தண்ணீர் குடிக்க அவள் அறைக்கு வருகிறவர். மனைவி இறந்து சில வருஷம் ஆனவர், சாது. ஒருநாள் அவள் ரிசீவரை மேஜைமேல் வைத்துவிட்டு மைக்கைப் பிடித்திருந்தபோது, அதிலிருந்து வந்த சிரிப்பைக் கேட்டார்.

"யாருங்க அது?"

"என் சிநேகிதி. கல்யாணம் ஆகல" என்றாள். அவர் அன்று இரண்டாம் டம்ளர் தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். அவளுக்கு விஷயம் புரிந்துவிட்டது. அக்காவிடம் சொன்னாள். அக்கா அத்தானிடம் சொன்னாள். அத்தானுக்கு இந்த மாதிரிக் காரியமென்றால் வெல்லக்கட்டி.

"ஞாயித்துக்கெழமை கடையில இருப்பீங்கதானே?" என்று அவள் ஃபோனில் கேட்டாள்.

"நான் எங்கங்க போகப் போறேன்" என்றாள் தங்கை.

ஞாயிற்றுக்கிழமை காலை மெக்கானிக் கம்ப்ரஸர் ஒன்றைப் பிரித்துப் போட்டுக்கொண்டு, முழங்கைவரை கரியோடு உட்கார்ந்திருந்தான். வாசலில் நிழல் விழுந்தது. நிமிர்ந்தான். பழப்பையோடு ஒரு பெண்மணி. இஸ்திரி போட்ட சட்டையில் ஒரு பெரியவர். ஞாயிற்றுக்கிழமையும் கறுப்புக் கோட்டைக் கழற்றாத ஒருவர். அவர்களுக்குப் பின்னால், கனத்த கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஒருத்தி.

பெரியவர் முதல் காரியமாக ஒரு விசிட்டிங் கார்டை நீட்டினார். வாங்கிக்கொள்ள ஒரு ஆள் கிடைத்த திருப்தி அவர் முகத்தில் தெரிந்தது.

"தம்பி, ரயில்பூச்சி எங்க மச்சினிச்சி. உங்க தங்கச்சியைப் பொண்ணு பார்க்க வந்திருக்கோம். மாப்பிள்ளையும் வந்துட்டாரு."

கோட்டுக்காரர் வெட்கத்தோடு கும்பிட்டார். கரிக்கையோடு இவனும் கும்பிட்டான். வாயைத் திறந்தான், மூடினான். தொண்டையைத் தொட்டுக் காட்டிக் கையை விரித்தான்.

"பாவம், தொண்டை கட்டியிருக்கு போல" என்றாள் கண்ணாடிக்காரி. அவள் அவன் மீசையையும் தோளையும் பார்த்துவிட்டுச் சட்டென்று தரையைப் பார்த்தாள். அவன் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். முகம் சுருங்கவில்லை என்பதை அவள் கவனித்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வெந்நீர் குடிங்க, கேக்கும்" என்றாள் அக்கா. "பொண்ணு உள்ளயா?"

உள்ளே கதவில்லாத ஃபிரிட்ஜுகள் வாயைத் திறந்தபடி வரிசையாக நின்றன. அத்தான் ஒவ்வொன்றுக்கும் பின்னால் மரியாதையாக எட்டிப் பார்த்தார்.

அப்போது ஃபோன் அடித்தது. மெக்கானிக் அசையவில்லை. அடித்து ஓய்ந்தது. மறுபடி அடித்தது. பக்கத்தில் நின்ற பரிசோதகர், உதவி செய்கிறவராக, ரிசீவரை எடுத்தார். கேட்டார். முகம் மாறியது.

"ஏதோ கிளினிக்காம். தடுப்பூசி வெக்கிற ஃபிரிட்ஜ் நின்னு போச்சாம். நர்ஸ் அழுவுறாங்க. மேடத்தைக் கூப்பிடுங்கன்னு சொல்றாங்க... யாரு மேடம்?"

மெக்கானிக் ஒரு கணம் எல்லாரையும் பார்த்தான். பிறகு கையைத் துணியில் துடைத்துக்கொண்டு ரிசீவரை வாங்கினான்.

"சொல்லுங்கம்மா. பதறாதீங்க" என்றான், தன் குரலில். "கதவைத் திறந்து திறந்து பார்க்காதீங்க. அப்படியே மூடி வெச்சாக் கொஞ்ச நேரம் குளிர் நிக்கும். ப்ளக்கைப் பிடுங்கி வேற இடத்துல சொருகிப் பாருங்க. நான் இருக்கேன், மெதுவாப் பண்ணுங்க... சத்தம் வருதா? வருதுல்ல? அவ்வளவுதான். அழாதீங்கம்மா. நான் இப்பவே வந்து பார்க்கறேன்."

ரிசீவரை வைத்தான். பரிசோதகர் மெல்லச் சுவரோரமாகப் போய், கவிழ்த்துப் போட்டிருந்த ஒரு மரப்பெட்டியில் உட்கார்ந்தார்.

"எனக்குத் தங்கச்சி இல்லீங்க. நான்தான்" என்றான் மெக்கானிக்.

"நான் சொன்னேன்ல!" என்று அத்தான் ஆரம்பித்தார். "பொம்பளையா இருக்கலாம்னு அன்னைக்கே..." மீசையைப் பார்த்துவிட்டு, தான் சொன்னது சரியா தப்பா என்று தெரியாமல் நிறுத்திக்கொண்டார்.

அவள் கண்ணாடியைக் கழற்றினாள். "எனக்கு இருந்தது ஒரே ஒரு சிநேகிதி" என்றாள். ஊரே மயங்குகிற அந்தக் குரல் உடைந்து வந்தது. "அவளையும் இல்லாமப் பண்ணிட்டீங்க." திரும்பி நடந்தாள். அக்கா பழப்பையை வைப்பதா எடுத்துப் போவதா என்று தடுமாறி, எடுத்துக்கொண்டே போனாள்.

அவன் கிளினிக்குக்குப் போய் ஃபிரிட்ஜைச் சரிசெய்துவிட்டு வந்தான். அதற்குப் பிறகு ரயில்பூச்சி சாட்டுக்கு வரவில்லை. ஃபோனும் இல்லை. அடுத்த வாரம் அவன் பொறுக்கமாட்டாமல் கார்டில் இருந்த நம்பருக்குப் பேசினான்.

"யாரும்மா அது?" என்றாள் அக்கா.

"அம்மா இல்லீங்க. அந்த மெக்கானிக்தான்."

அக்கா அவனை வைத்து வாங்கினாள். அவன் குறுக்கே பேசாமல் எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டான். திட்டித் தீர்ந்ததும் அக்கா மூச்சு வாங்கினாள். "அவ சரியா சாப்பிடறதே இல்ல. இந்த வாரம் மத்தியான ஷிஃப்ட். நான் சொன்னேன்னு சொல்லிடாதீங்க" என்று வைத்துவிட்டாள்.

அவன் போய் அறைக்கதவைத் தட்டியபோது அவள் வெளியே வந்து, கதவைச் சாத்தி, அதன்மேலேயே சாய்ந்து நின்றாள். திரையிலும் ஃபோனிலும் அருவியாகக் கொட்டினவர்கள், நேருக்கு நேர் நின்றதும் ஊமையாகிவிட்டார்கள். கடைசியில் அவள் நடைமேடை பெஞ்சைக் காட்டினாள். முதுகோடு முதுகு ஒட்டின இரட்டை பெஞ்ச் அது. அவன் ஒரு பக்கம் உட்கார, அவள் சுற்றிப்போய் மறுபக்கம் உட்கார்ந்தாள். ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியவில்லை.

"உங்க அண்ணன்மேல எனக்குப் பயங்கரக் கோவம்" என்றாள் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு.

"படட்டுங்க. அவன் அதுக்கு உரியவன்தான்."

"நான் உங்ககிட்ட சொன்னதையெல்லாம் அவரும் கேட்டுட்டாரு."

"கேட்டான். ஒண்ணைக்கூட வேடிக்கையாக் கேக்கல. நீங்க வாசல்ல நின்னப்ப அவன் உங்களைத்தான் பார்த்துட்டிருந்தான். நீங்கதான் பார்க்கல" என்றான்.

சுமை தூக்குகிற ஒருவர் அந்தக் குரலைக் கேட்டு, பேசிய பெண் எங்கே என்று பெஞ்சைத் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார். மெக்கானிக் வாயை மூடிக்கொள்ளவில்லை. அன்று காலை மேற்படி நர்ஸ் மறுபடி ஃபோன் செய்து மேடத்துக்கு நன்றி சொன்னதையும், மெக்கானிக்தான் பேசறேன் என்று தான் சொன்னதற்கு அந்தம்மா, "அப்ப மேடம்கிட்டயும் சொல்லிடுங்க" என்று வைத்துவிட்டதையும் சொன்னான். பின்னாலிருந்து பெஞ்ச் குலுங்கியது. அவள் அழுகிறாளோ என்று பயந்து திரும்பினான். கண்ணாடியைக் கையில் வைத்துக்கொண்டு, வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

மறுவருஷம் அவர்களுக்குக் கல்யாணம் நடந்தது. பரிசோதகரும் வந்திருந்தார். மணமகன் "வாங்க, வாங்க" என்றபோது மட்டும் அவர் முகத்தில் ஒரு சின்னச் சோகம் வந்து போனது. அப்புறம் சாப்பிடப் போய்விட்டார்.